பதின்மூன்று ஆய்வுகளை ஒரே ஷீட்டில் போட்டுப் பார்த்த கதை

தங்கச்சிக்குக் குழந்தை பிறந்து பத்து நாள்கூட ஆகவில்லை, மாப்பிள்ளை போனை நீட்டினார். வாட்ஸ்அப்பில் வந்த செய்தி. செங்கல்பட்டில் லட்சக்கணக்கான பேருக்குப் போட்டுப் பார்த்து ஒரு பலனும் இல்லாமல் போன ஊசியைத்தான் இன்னமும் நம் பிள்ளைகளுக்குப் போடுகிறார்கள் என்று எழுதியிருந்தது. பி.சி.ஜி. ஊசி, காசநோய்க்குப் போடுவது. குழந்தை பிறந்த ஆஸ்பத்திரியில் அன்றைக்கு மருந்து இல்லையென்று புதன்கிழமை ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போகச் சொல்லியிருந்தார்கள். "ஏனுங்க மச்சான், நீங்க கணக்கு படிச்சவிங்க, இது நெசமுங்களா?" என்றார் மாப்பிள்ளை. எனக்கு உடனே பதில் சொல்ல வரவில்லை. எங்கள் அப்பாரு பெருந்துறை சானடோரியத்தில் மாதக்கணக்கில் படுத்திருந்தவர், வீட்டில் அந்த நோயின் பெயரைச் சத்தமாகச் சொல்ல மாட்டார்கள். பொத்தாம்பொதுவாக ஒன்றைச் சொல்லித் தட்டிக்கழிக்க மனம் வரவில்லை, நானே கணக்குப் போட்டுப் பார்த்துவிட்டுச் சொல்கிறேன் மாப்பிள்ளை என்றேன்.

நான் திருப்பூரில் துணியின் சுருக்கம், எடை, சாயம் நிற்கும் தரம் பார்க்கும் வேலையில் இருக்கிறேன். புள்ளியியல் கல்லூரியில் படித்ததோடு சரி. அதனால் இதை நிபுணர் கட்டுரையாக எடுத்துக்கொள்ள வேண்டாம், பழைய லேப்டாப்பில் ஒரு ஸ்பிரெட்ஷீட்டைத் திறந்து நான்கு ராத்திரி உட்கார்ந்ததில் என்ன செய்தேன், எங்கே தப்பு விட்டேன் என்று எழுதி வைக்கிறேன். நீங்களும் அப்படியே செய்து பார்க்கலாம், எண்கள் எங்கே கிடைக்கும் என்று கீழே சொல்லியிருக்கிறேன்.

பல ஆய்வுகளின் முடிவைச் சேர்த்து ஒரே முடிவாக்கும் இந்த வேலைக்கு மெட்டா அனாலிசிஸ் என்று பெயர் வைத்தவர் ஜீன் கிளாஸ், 1976-ல். ஆனால் வேலை அதைவிடப் பழசு. 1904-லேயே கார்ல் பியர்சன், இந்தியாவிலும் தென்னாப்பிரிக்காவிலும் இருந்த பிரிட்டிஷ் சிப்பாய்களுக்குப் போட்ட டைபாய்டு தடுப்பூசியின் கணக்குகளைச் சேர்த்துப் பார்த்திருக்கிறார். பி.சி.ஜி.க்கு இதைச் செய்தது 1994-ல் கோல்டிட்ஸ் குழு. அதில் வரும் பதின்மூன்று சோதனைகளின் அட்டவணை, ஆர் என்ற இலவச மென்பொருளுக்கான மெட்டாஃபார் தொகுப்போடு பயிற்சிக்காகவே தரப்படுகிறது. ஒவ்வொரு வரியிலும் நாலு எண்: ஊசி போட்டு நோய் வந்தவர்கள், ஊசி போட்டு வராதவர்கள், போடாமல் வந்தவர்கள், போடாமல் வராதவர்கள். அதோடு முடிவு வெளியான ஆண்டு, சோதனை நடந்த இடத்தின் அட்சரேகை, ஆட்களை எப்படிப் பிரித்தார்கள் என்ற விவரம். எட்டாவது வரியைப் பார்த்ததும் நிமிர்ந்து உட்கார்ந்துவிட்டேன். மெட்ராஸ், 1980. மாப்பிள்ளை காட்டிய அதே செங்கல்பட்டுச் சோதனைதான். 1968-ல் தொடங்கியது. ஊசி போட்டவர்கள் 88,391 பேர், அதில் நோய் வந்தது 505. போடாதவர்களும் 88,391, அதில் வந்தது 499. அதாவது வாட்ஸ்அப் செய்தி பொய் இல்லை. ஆனால் பதின்மூன்று வரியில் அது ஒரு வரி.

முதல் ராத்திரி எல்லோருக்கும் தோன்றுவதைத்தான் செய்தேன், நெடுவரிசை நெடுவரிசையாகக் கூட்டினேன். ஊசி போட்ட 1,91,064 பேரில் 1,065 பேருக்கு நோய், போடாத 1,66,283 பேரில் 1,510 பேருக்கு. வகுத்தால் 0.61, அதாவது நூறு பேருக்கு வரவேண்டிய இடத்தில் 61 பேருக்கு வந்திருக்கிறது. சுலபமாக முடிந்துவிட்டது என்று லேப்டாப்பை மூடப் போனவன், ஒரு வரி கண்ணில் பட்டு நிறுத்தினேன். பதினொன்றாவது வரியில் (போர்ட்டோ ரிக்கோ) ஊசி போட்டவர்கள் ஐம்பதாயிரம் சொச்சம், போடாதவர்கள் இருபத்தேழாயிரம் சொச்சம்தான். ஆறாவது வரியிலோ இரண்டு பக்கமும் ஆயிரத்து ஐந்நூறு மாதிரி, ஆனால் போடாதவர்களில் நாலில் ஒருவருக்கு நோய் வந்திருக்கிறது. ஒரு ஊரில் நோய் அதிகம், இன்னொரு ஊரில் குறைவு, இரண்டு பக்கமும் ஆள் சமமாகவும் இல்லை. இதையெல்லாம் ஒரே குண்டாவில் ஊற்றிக் கலக்கினால், ஊருக்கு ஊர் இருக்கிற வித்தியாசம் ஊசியின் வித்தியாசமாக வேஷம் போட்டுக்கொண்டு வரும். ஒவ்வொரு ஊரிலும் அந்த ஊர்க்காரர்களோடு மட்டும்தான் ஒப்பிட வேண்டும். ஒப்பிட்ட பிறகுதான் சேர்க்க வேண்டும்.

சரி, வரிவரியாக விகிதம் கண்டுபிடிக்கலாம் என்று இறங்கினேன். இங்கே ஒரு தப்பு விட்டேன், அதைப் பிடிக்க ஒரு மணி நேரம் போனது. அட்டவணையில் இருப்பது 'நோய் வராதவர்கள்', மொத்த ஆட்கள் இல்லை. நான் அதையே மொத்தம் என்று நினைத்து வகுத்துவிட்டேன். அப்படி வகுத்தால் வருவது ரிஸ்க் ரேஷியோ (மொத்தப் பேரில் நோய் வந்த வீதங்களை ஒப்பிடுவது) இல்லை, ஆட்ஸ் ரேஷியோ (நோய் வந்தவர்களை வராதவர்களால் வகுத்து ஒப்பிடுவது). மெட்ராஸ் வரியில் நோய் அபூர்வம் என்பதால் இரண்டும் ஒன்றாகவே தெரிந்தது, அதனால்தான் பிடிபடவில்லை. ஆறாவது வரியில் என் ஷீட் 0.38 என்றது, வெளியான கட்டுரைகளில் 0.46. நோய் வந்தவர்களையும் வராதவர்களையும் கூட்டி மொத்தம் என்று புது நெடுவரிசை போட்டதும் 180-ஐ 1,541-ஆல் வகுத்து, 372-ஐ 1,451-ஆல் வகுத்து, சரியாக 0.46 வந்தது. செய்கிறவர்கள் இந்த ஒரு வரியை வைத்துச் சரிபார்த்துக்கொள்ளுங்கள்.

அடுத்து லாக், அதாவது மடக்கை. விகிதங்களை அப்படியே சராசரி எடுக்கக் கூடாது. ஒரு ஊரில் நோய் பாதியாகிறது, 0.5. இன்னொரு ஊரில் இரண்டு மடங்காகிறது, 2. இரண்டும் எதிரெதிராக அடித்துக்கொண்டு 1 வர வேண்டும், ஆனால் நேர்ச் சராசரி 1.25 என்று காட்டி ஊசி கெடுதல் என்று சொல்லிவிடும். லாக் எடுத்தால் ஒன்று மைனஸ் 0.69, மற்றது பிளஸ் 0.69, சராசரி பூஜ்யம். கடைசியில் திரும்ப விகிதமாக மாற்றிக்கொள்ளலாம்.

இப்போது எடை. இதை எங்கள் ஊர்க்காரர்களுக்கு விளக்க நான் பால் சொசைட்டியைத்தான் சொல்வேன். ஒருவர் இரண்டு லிட்டர் எருமைப்பால் ஊற்றுகிறார், கொழுப்பு 6. இன்னொருவர் நாற்பது லிட்டர் ஊற்றுகிறார், கொழுப்பு 3.5. கேனில் இருக்கிற பாலின் கொழுப்பு 4.75 என்று யாராவது சொன்னால் சொசைட்டிச் செயலாளர் விடுவாரா? லிட்டர்க் கணக்கில் பார்த்தால் 3.6 மாதிரிதான் வரும். ஆய்வுகளிலும் அப்படித்தான், எல்லாவற்றையும் தலைக்கு ஒன்று என்று எண்ண முடியாது. ஆனால் இங்கே லிட்டருக்குப் பதில் எது? ஆட்களின் எண்ணிக்கை என்றுதான் நானும் நினைத்தேன். இல்லை. ஒவ்வொரு வரியின் லாக் விகிதத்துக்கும் ஒரு வேரியன்ஸ் இருக்கிறது, அதாவது அந்த எண் தற்செயலால் எவ்வளவு ஆடும் என்ற அளவு. அதற்கான வாய்ப்பாடு சின்னது: நோயாளி எண்ணிக்கையால் 1-ஐ வகுத்து, அதிலிருந்து மொத்தத்தால் வகுத்த 1-ஐக் கழித்து, இரண்டு பக்கத்துக்கும் செய்து கூட்ட வேண்டும். அதைத் தலைகீழாக்கினால் எடை. முதல் வரிக்கு வேரியன்ஸ் 0.3256, எடை 3 சொச்சம். மெட்ராசுக்கு 0.0040, எடை 252.

இந்த நெடுவரிசையை இழுத்து முடித்ததும் கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தேன். கடைசி வரி, அமெரிக்காவில் ஜார்ஜியா, அலபாமா பக்கம் நடந்தது, மொத்தம் 34,767 பேர், எடை 14. ஆறாவது வரி வெறும் 2,992 பேர், எடை 145. பத்தில் ஒரு பங்கு ஆள், பத்து மடங்கு எடை! காரணம், பெரிய சோதனையில் இரண்டு பக்கமும் சேர்த்து 56 பேருக்குத்தான் நோய், சின்னதில் 552 பேருக்கு. தகவல் ஆட்களிடம் இல்லை, நடந்த நிகழ்வுகளிடம் இருக்கிறது. 'இத்தனை ஆயிரம் பேரிடம் சோதித்தது' என்று விளம்பரத்தில் போடுகிறார்களே, அதைப் படிக்கும்போதெல்லாம் இனிமேல் அத்தனை பேரில் எத்தனை பேருக்கு அது நடந்தது என்றுதான் கேட்பேன்.

எடையால் பெருக்கி, கூட்டி, மொத்த எடையால் வகுத்தேன். மொத்த எடை 609.7. விடை 0.65, நம்பக இடைவெளி (தற்செயலைக் கணக்கில் எடுத்தால் உண்மையான எண் இருக்கக்கூடிய எல்லை) 0.60-லிருந்து 0.70 வரை. இதற்கு நிலை விளைவு முறை என்று பெயர். உலகம் முழுக்க ஊசியின் பலன் ஒன்றே ஒன்றுதான், ஊருக்கு ஊர் தெரிகிற வித்தியாசம் எல்லாம் தற்செயல் என்று எடுத்துக்கொள்கிறது. இதில் மெட்ராஸ் ஒன்றே மொத்த எடையில் 41 சதவீதம். அதை மட்டும் எடுத்துவிட்டுப் போட்டேன், 0.65 சட்டென்று 0.48 ஆகிவிட்டது. ஒரு வரியை எடுத்தால் இவ்வளவு ஆடுகிற விடையைத் தங்கச்சி வீட்டில் போய்ச் சொல்ல எனக்குத் தைரியம் இல்லை.

ஆகவே இரண்டாம் ராத்திரி அந்த அனுமானத்தையே சோதித்தேன். காக்ரனின் க்யூ என்று ஒரு அளவு: ஒவ்வொரு வரியும் சேர்த்த விடையிலிருந்து எவ்வளவு விலகியிருக்கிறதோ அதை வர்க்கமாக்கி, எடையால் பெருக்கிக் கூட்டுவது. எல்லாம் தற்செயல்தான் என்றால் பதின்மூன்று ஆய்வுக்கு இது 12 பக்கத்தில் நிற்க வேண்டும். எனக்கு வந்தது 152. நான் வாய்ப்பாட்டைத் தப்பாக அடித்துவிட்டேன் என்று நினைத்து மூன்று தடவை பார்த்தேன், தப்பில்லை. 152-ல் 12 போக மிச்சத்தை 152-ஆல் வகுத்தால் 92 சதவீதம், இதுதான் ஐ-ஸ்கொயர், ஹிக்கின்சும் தாம்சனும் 2002-ல் கொண்டுவந்தது. பார்க்கிற வித்தியாசத்தில் பெரும்பகுதி தற்செயல் இல்லை, நிஜமாகவே ஊருக்கு ஊர் பலன் மாறுகிறது.

விவசாயம் பார்க்கிறவர்களுக்கு இது புதிதில்லை. கோபியில் தடப்பள்ளி வாய்க்கால் பாசனத்தில் விளைகிற ரகத்தைக் காங்கேயம் மேட்டாங்காட்டில் போட்டுவிட்டு அதே விளைச்சலை யாரும் எதிர்பார்க்க மாட்டார்கள். யேட்சும் காக்ரனும் 1938-ல் பல இடங்களில் நடந்த பயிர்ச் சோதனைகளைச் சேர்ப்பது எப்படி என்று எழுதியபோதும் இதே சிக்கலைத்தான் பிடித்துக்கொண்டார்கள், இடத்துக்கு இடம் மாறுகிற மாற்றத்தைக் கணக்கில் எடுக்காமல் சேர்த்தால் இல்லாத உறுதி வந்துவிடும் என்று. மருந்து ஆய்வுகளில் பரவலாவதற்கு முன் இந்தக் கணக்கு வயலில்தான் பக்குவப்பட்டிருக்கிறது, அது எனக்கு ரொம்பப் பிடித்தது.

1986-ல் டெர்சிமோனியனும் லேர்டும் சொன்ன முறையில், ஊருக்கு ஊர் உள்ள அந்த நிஜ வித்தியாசத்துக்கு ஒரு வேரியன்ஸ் கண்டுபிடித்து ஒவ்வொரு வரியின் வேரியன்சோடும் கூட்ட வேண்டும். டௌ-ஸ்கொயர் என்பார்கள். க்யூவிலிருந்து 12-ஐக் கழித்து, எடைகளிலிருந்து வரும் ஒரு எண்ணால் (மொத்த எடையிலிருந்து, எடை வர்க்கங்களின் கூட்டுத்தொகையை மொத்த எடையால் வகுத்ததைக் கழிக்க வேண்டும், எனக்கு 454 வந்தது) வகுத்தால் 0.3088. கூட்டியதும் எடைகள் அடியோடு மாறின. முன்னால் மெட்ராசுக்கும் முதல் வரிக்கும் எண்பத்திரண்டு மடங்கு வித்தியாசம், இப்போது இரண்டே மடங்கு. மெட்ராஸ் 41 சதவீதத்திலிருந்து 10-க்கு இறங்கிவிட்டது. புது விடை 0.49, நம்பக இடைவெளி சுமார் 0.34 முதல் 0.70 வரை. 1994 கட்டுரையில் இருப்பதும் இதுதான். ஸ்பிரெட்ஷீட்டில் கையால் போட்டு அந்த எண்ணைத் தொட்டபோது மணி ஒன்றரை, எழுப்பிச் சொல்ல வீட்டில் யாரும் இல்லை.

மூன்றாம் ராத்திரி ஆரில் சரிபார்த்தேன், டௌ-ஸ்கொயர் 0.3132 என்றது. என் 0.3088-க்கும் இதற்கும் ஏன் பொருந்தவில்லை என்று பாதி ராத்திரி தேடினேன். என் ஷீட்டில் தப்பில்லை, மெட்டாஃபார் எதுவும் சொல்லாவிட்டால் ரெம்ல் என்ற வேறு முறையை எடுத்துக்கொள்ளும். டெர்சிமோனியன் லேர்ட் முறை என்று சொல்லிக் கொடுத்ததும் எண் ஒட்டிக்கொண்டது. கீழே வருகிற எண்கள் ரெம்ல் முறையில் வந்தவை.

இந்த இடத்தில்தான் நிறையப் பேர் நிறுத்திவிடுகிறார்கள், 'நோய் பாதியாகிறது' என்று. எனக்கு அது போதவில்லை. 0.34 முதல் 0.70 வரை என்பது சராசரி எங்கே இருக்கிறது என்பதற்கான இடைவெளி. புதிதாக ஒரு ஊரில் போட்டால் என்ன வரும் என்று கேட்டால் இடைவெளி 0.15-லிருந்து 1.55 வரை விரிகிறது. ஒரு ஊரில் நோயை ஆறில் ஒரு பங்காக்கலாம், இன்னொரு ஊரில் ஒன்றுமே செய்யாமலும் இருக்கலாம். குளத்தின் சராசரி ஆழம் நாலடி என்று சொல்லி ஒருவரை இறங்கச் சொல்ல முடியாது, அவர் இறங்குகிற துறையில் எத்தனை அடி என்று சொல்ல வேண்டும். மாப்பிள்ளை கேட்டதும் நம் துறையைப் பற்றித்தானே.

ஆகவே அட்சரேகை நெடுவரிசைக்கு வந்தேன். வரிகளை அட்சரேகை வாரியாக அடுக்கிப் பார்த்தாலே தெரிகிறது, கணக்குகூட வேண்டாம். கனடாவில் 55 பாகையில் 0.20, பிரிட்டனில் 52 பாகையில் 0.24, இங்கே 13 பாகையில் மெட்ராசில் 1.01, அதே 13-ல் ஆந்திராவின் மதனப்பள்ளியில் 0.80. நடுவில் ஒழுங்கில்லாத வரிகளும் உண்டு, ஹைத்தி 19 பாகையில் இருந்துகொண்டு 0.20 காட்டுகிறது. மெட்டா ரிக்ரெஷன் போட்டேன், அதாவது அட்சரேகை மாற மாற பலன் எப்படி மாறுகிறது என்று ஆய்வுகளின் எடையோடு ஒரு கோடு பொருத்துவது: பூமத்திய ரேகையிலிருந்து ஒவ்வொரு பாகை விலகும்போதும் லாக் விகிதம் 0.029 இறங்குகிறது. டௌ-ஸ்கொயர் 0.3132-லிருந்து 0.0764-க்கு விழுந்துவிட்டது, ஊருக்கு ஊர் இருந்த வித்தியாசத்தில் முக்கால்வாசியை இந்த ஒரே நெடுவரிசை எடுத்துக்கொண்டது. 13 பாகைக்கு 0.88, 55 பாகைக்கு 0.26 என்று கோடு சொல்கிறது. ஆட்களைப் பிரித்த முறையையும் போட்டுப் பார்த்தேன், அது பெரிதாக எதையும் விளக்கவில்லை.

ஈரோடு 11 பாகை சொச்சத்தில் இருக்கிறது. கோட்டை இழுத்து நம் ஊருக்கு ஒரு எண் எடுக்கக் கை பரபரத்தது, செய்யவில்லை. 13-க்குக் கீழே ஒரு சோதனைகூட இல்லாதபோது கோடு அங்கேயும் நேராகப் போகும் என்பதற்கு ஆதாரம் கிடையாது. அதோடு அட்சரேகை எதையும் செய்வதில்லை, வேறு எதற்கோ பதிலாக அது நிற்கிறது. வெப்பமான பகுதி மண்ணிலும் தண்ணீரிலும் காசநோய்க் கிருமிக்குச் சொந்தக்கார நுண்ணுயிர்கள் அதிகம், அவற்றோடு பழகியே உடம்புக்குக் கொஞ்சம் எதிர்ப்பு வந்துவிடுவதால் ஊசியின் கூடுதல் பலன் தெரியாமல் போகிறது என்பது ஒரு விளக்கம். சூட்டில் மருந்து வீரியம் இழந்திருக்கலாம் என்பது இன்னொன்று. ஊர்களை ஒப்பிட்டு வந்த கோட்டை ஒரு ஆள்மேல் அப்படியே சாத்த முடியாது.

நாலாம் ராத்திரி கணக்கே போடவில்லை, படித்தேன், முதலிலேயே படித்திருக்க வேண்டும். செங்கல்பட்டில் எண்ணியது என்ன நோய்? முக்கியமாகச் சளியில் கிருமி தெரிகிற நுரையீரல் காசநோய், அதுவும் ஒரு மாதக் குழந்தையிலிருந்து கிழவர்வரை எல்லா வயதினரிடமும். பிறந்த குழந்தைக்கு ஊசி போடுவது முதன்மையாக அதற்காக இல்லை. கைக்குழந்தைகளைக் கொல்வது மூளை உறையைத் தாக்குகிற காசநோயும், ரத்தத்தில் பரவி உடம்பெங்கும் பொடிப்பொடியாகத் தெறிக்கிற மிலியரி வகையும். அவற்றுக்குத் தனியாக ஒரு மெட்டா அனாலிசிஸ் இருக்கிறது, 2006-ல் டிரன்ஸ், ஃபைன், டை மூவரும் செய்தது. குழந்தைகளின் மூளைக்காய்ச்சல் வகைக்கு 73 சதவீதப் பாதுகாப்பு, மிலியரிக்கு 77. கேள்வி மாறினால் சேர்க்க வேண்டிய ஆய்வுகளும் மாறும். நான் மூன்று ராத்திரி போட்ட கணக்கு சரியான கணக்குத்தான், மாப்பிள்ளை வீட்டுத் தொட்டிலில் கிடக்கிற பிள்ளைக்கான கணக்கு அது இல்லை.

செவ்வாய்க்கிழமை சாயங்காலம் லேப்டாப்போடு போனேன். எட்டாவது வரியைக் காட்டினேன், செய்தியில் இருந்தது நிஜம்தான் மாப்பிள்ளை, மறைக்க ஒன்றும் இல்லை என்றேன். அப்புறம் மற்ற பன்னிரண்டு வரிகளையும், அப்புறம் அந்த 73-ஐயும் 77-ஐயும். லாக், வேரியன்ஸ் எதையும் சொல்லவில்லை, அவரும் கேட்கவில்லை. "அப்ப பெரியவிங்களுக்கு வர்ற நெஞ்சு நோவுக்கு இத நம்பி இருக்க முடியாது, பிள்ளைக்கு வர்ற பெரிய ஆபத்துக்கு இது வேணும், அப்படித்தானுங்களே?" என்றார். நாலு ராத்திரி எனக்கு ஆனது, அவர் ஒரு வாக்கியத்தில் முடித்துவிட்டார். அம்மா உள்ளேயிருந்து, "அதை முதல்லயே நர்சம்மாகிட்ட கேட்டிருந்தாச் சொல்லியிருப்பாங்க கண்ணு" என்றது. இருக்கலாம். ஆனால் அந்த எட்டாவது வரியை யாராவது எடுத்து வைத்துப் பேசாவிட்டால் மாப்பிள்ளைக்குச் சந்தேகம் தீர்ந்திருக்காது.

புதன்கிழமை காலையில் சுகாதார நிலையத்தில் நர்சம்மா இன்னும் இரண்டு குழந்தைகள் வரட்டும் என்று உட்கார வைத்தார், குப்பியைத் திறந்தால் நாலு மணி நேரத்துக்குள் தீர்க்க வேண்டுமாம். பத்தரைக்கு இடது புஜத்தில் போட்டார். சில வாரம் கழித்துக் கொப்புளம் வரும், உடைந்து ஆறும், எதையும் தடவ வேண்டாம் என்றார். மாப்பிள்ளை அதைப் போனில் குறித்துக்கொண்டார். அந்த வாட்ஸ்அப் செய்தியை அனுப்பியவருக்கு அட்டவணையை அனுப்பலாமா என்று கேட்டார், பதின்மூன்று வரியையும் அனுப்புங்க, எட்டாவதை மட்டும் வெட்டி அனுப்பாதீங்க என்றேன்.